சங்கிலிமுத்துவுக்கு நான் சொல்லிக்கொடுத்த ழகரம்

தப்பு என்னுடையது. அதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிட்டால் மீதியைச் சொல்ல எனக்கும் லேசாக இருக்கும். இப்போது எல்லாம் நல்லபடியாக முடிந்துவிட்டது, மூன்று வேளையும் ஒழுங்காகச் சாப்பிடுகிறேன். ஆனால் போன தை மாசத்திலிருந்து பங்குனி வரைக்கும் ஒரு வாய் சோறு நிம்மதியாக இறங்கவில்லை. அதற்குக் காரணம் என் வாய்தான், வேறு யாரையும் குற்றம் சொல்வதற்கில்லை.

என் பெயர் நவநீதகிருஷ்ணன். சிவகாசியில் ஓர் அச்சகத்தில் பிழை திருத்துகிறேன். இருபத்தாறு வருஷமாக இதே வேலை. காலண்டர், கல்யாணப் பத்திரிகை, பட்டாசுப் பெட்டி லேபிள், கட்சிப் போஸ்டர், எது வந்தாலும் என் மேஜையைத் தாண்டித்தான் மெஷினுக்குப் போகும். எங்கள் ஊர்ப்பக்கம் நாக்கு ழகரத்துக்கு வளையாது. மழையை மளை என்பார்கள், வாழையை வாளை என்பார்கள். பேசுவதோடு விட்டாலாவது பரவாயில்லை, அப்படியே எழுதியும் கொண்டுவருவார்கள். 'திருமண வாள்த்து மடல்' என்று ஒருத்தர் எழுதிக்கொண்டு வந்தார். மாப்பிள்ளைக்கு வாளா கொடுக்கப்போகிறீர்கள் என்று கேட்டேன். அவருக்குக் கோபம் வந்துவிட்டது. எனக்கு அதற்கு முன்பே வந்திருந்தது.

சங்கிலிமுத்து எங்கள் தெருக்காரர். எம். புதுப்பட்டியில் என் வீட்டிலிருந்து நாலாவது வீடு. தொழிலாளர்களை ஏற்றிப்போகும் வேன் ஓட்டுகிறார், அத்தோடு சினிமா நடிகர். சிரிக்காதீர்கள், நிஜமாகவே நடிகர்தான். போன வருஷம் வரைக்கும் நாற்பத்தோரு படத்தில் வந்திருக்கிறார். முகத்தைக் காட்டினால் 'அட, இவரா!' என்பீர்கள், பெயர் மட்டும் யாருக்கும் தெரியாது. கதாநாயகியின் சித்தப்பா, பஞ்சாயத்தில் மூன்றாவதாக நிற்பவர், போலீஸ் ஸ்டேஷனில் அடிவாங்குபவர், ஆஸ்பத்திரி வராந்தாவில் துண்டை வாயில் பொத்திக்கொண்டு அழுபவர். எல்லாவற்றுக்கும் மேலே, சாகிறவர். நாற்பத்தொன்றில் முப்பத்துமூன்று படத்தில் செத்திருக்கிறார். லாரியில் அடிபட்டு, பாம்பு கடித்து, தூக்கில் தொங்கி, சும்மா திண்டில் சாய்ந்தபடியே என்று எல்லா விதத்திலும் போய்ச் சேர்ந்திருக்கிறார். ஒரு தடவை ஏழாயிரம்பண்ணையில் துட்டி கேட்கப் போன இடத்தில் ஒரு பெரியவர் இவரைப் பார்த்து எழுந்தே விட்டார். "ஏய்யா, நீரு போன மாசந்தான செத்தீரு?" என்று கேட்டார். இழவு வீடு என்றுகூடப் பாராமல் பாதிப்பேர் சிரித்துவிட்டார்கள்.

இவர் சினிமாவுக்கு வந்தது ஒரு கோளாறினால். முன்பு பட்டாசுக் கம்பெனியில் மருந்து செலுத்திக்கொண்டிருந்தார். மருந்து என்றால் இங்கே வெடிமருந்துதான், காய்ச்சலுக்குத் தின்பது மாத்திரை. இவர் மனைவி முருகம்மாளுக்கு அதே கம்பெனியில் அடுத்த அறையில் வேலை. பதினெட்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு சித்திரையில் அந்த அறை வெடித்தது. உள்ளே இருந்த நாலு பேரில் இரண்டு பேர் பிழைத்தார்கள். முருகம்மாளுக்கு உயிர் மிஞ்சியது, கண் இரண்டும் போயிற்று. அதற்குப் பிறகு சங்கிலிமுத்து மருந்தைத் தொடவில்லை. வேன் ஓட்டப் போய்விட்டார்.

இரண்டு வருஷம் கழித்து ஒரு சினிமாக் கம்பெனி ஏழாயிரம்பண்ணைப் பக்கம் வந்து இறங்கியது. பட்டாசு ஆலை வெடிக்கிற மாதிரி ஒரு காட்சி எடுக்க வேண்டுமாம். ஊர்க்காரர்கள் அறுபது பேரைக் கூட்டி வைத்து, சத்தம் கேட்டதும் இருக்கிற இடத்திலேயே நின்று கத்த வேண்டும், யாரும் நகரக் கூடாது என்று மைக்கில் மூன்று தடவை சொன்னார்கள். வெடித்தது. ஐம்பத்தொன்பது பேரும் நின்று கத்தினார்கள். சங்கிலிமுத்து பக்கத்தில் நின்ற இரண்டு பெண்களைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு பின்வாசல் வழியாக ஓடி, வேலியைத் தாண்டி, கரிசல் காட்டில் போய்க் குப்புற விழுந்து கிடந்தார். கேமராவில் அவர் முதுகுகூட விழவில்லை. அந்தப் பெண்கள் திட்டிய திட்டு ஊருக்கே கேட்டது.

இயக்குநர் கூப்பிட்டு விசாரித்தார்.

"சொன்னது காதுல விளுந்துச்சுய்யா. ஆனா சத்தம் கேட்டா முதல்ல ஓடணும், பெறகுதான் யோசிக்கணும். எங்க பளக்கம் அது" என்றார் இவர்.

அந்த மனுஷன் புத்திசாலி. கேமராவைக் கரிசல் காட்டுக்குத் திருப்பிவைத்து, இன்னொரு தடவை ஓடச் சொன்னார். ஓட்டத்தின் முடிவில் சாகவும் சொன்னார். நன்றாகச் செத்ததனால் அடுத்த படத்துக்கும் கூப்பிட்டார்கள். அப்படித்தான் ஆரம்பித்தது. சினிமாவில் பிணமாகப் படுப்பவர் ஷாட் முடிந்ததும் எழுந்து கேமராவைப் பார்த்து ஒரு தடவை சிரிக்க வேண்டும் என்று ஒரு வழக்கம் உண்டு, இல்லாவிட்டால் ஆகாது என்பார்கள். எந்த ஊரில் ஷூட்டிங் என்றாலும் முருகம்மாள் போனில் கேட்கிற முதல் கேள்வி "சிரிச்சீகளா?" என்பதுதான். சாப்பிட்டீகளா என்பதெல்லாம் அதற்குப் பிறகு.

இத்தனையும் இருந்து என்ன, குரல் இல்லை. நாற்பத்தோரு படத்திலும் உதடு இவருடையது, பேச்சு வேறு யாருடையதோ. படப்பிடிப்பில் இவர் பேசுவார். அப்புறம் சென்னையில் டப்பிங் தியேட்டரில் வேறு ஒருத்தர் உட்கார்ந்து இவர் உதட்டுக்குத் தகுந்த மாதிரி பேசிவிடுவார். நாக்கு சரியில்லை, உச்சரிப்பு தெளிவாக இல்லை என்று காரணம் சொன்னார்கள். அட பாவிகளா, தெற்கத்திப் படம் என்று எடுத்துவிட்டு, தெற்கே எவனும் பேசாத ஒரு பேச்சைப் பேசவைத்தால் அது மட்டும் தெளிவா? சரி, நான் கோபப்பட்டு என்ன ஆகப்போகிறது.

கண் தெரிந்தவர்களுக்கு இது ஒரு விஷயமே இல்லை. முருகம்மாளுக்கு இதுதான் எல்லாம். முதல் படம் வந்தபோது தெருவே சேர்ந்து போனோம். பக்கத்து வீட்டுப் பாண்டிலட்சுமி அவள் காதருகே உட்கார்ந்து ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தாள். "இந்தா வந்துட்டாரு மதினி, சட்டையில்லாம நிக்காரு, இப்ப அவருதான் பேசுதாரு." முருகம்மாள் காதைக் கொடுத்துக் கேட்டாள். "யாருளா இவன்?" என்றாள். மூன்று படம் வரைக்கும் வந்தாள், அப்புறம் நிறுத்திவிட்டாள். ஏன் வரவில்லை என்று நான் ஒரு நாள் கேட்டேன். என்னை அண்ணாச்சி என்பாள், நானும் தங்கச்சி என்பேன்.

"எம்புருசன் நடிக்காரு நடிக்காருன்னு ஊரே சொல்லுது அண்ணாச்சி. எனக்கு மட்டும் அவரு இன்னும் ஒரு படத்துலயும் நடிக்கல" என்றாள்.

வருத்தமாகக்கூடச் சொல்லவில்லை. உப்புக் குறைவு என்று சொல்கிற மாதிரி சொன்னாள்.

போன வருஷம் நாற்பத்திரண்டாவது படத்துக்கு அழைப்பு வந்தது. இயக்குநர் செழியன் என்று ஒரு இளவட்டம், முப்பது வயதுகூட இருக்காது. விருதுநகரில் மிளகாய் வத்தல் குடோன்களை வைத்துக் கதை. அதில் குடோன் காவல்காரர் வேஷம் சங்கிலிமுத்துவுக்கு. இடைவேளைக்குப் பிறகு எட்டு வசனம், பிறகு வழக்கம்போலச் சாவு. படப்பிடிப்பெல்லாம் முடிந்து தீபாவளிச் சமயத்தில் செழியன் போன் செய்தார்: "அண்ணே, இதுல உங்க சொந்தக் குரல்தான். தை மாசம் டப்பிங் பேச வந்துருங்க."

முருகம்மாளிடம் இவர் ஓடிப்போய்ச் சொன்னாராம். அவள் எந்தத் தியேட்டர் என்று கேட்டாளாம். மறுநாளே பாண்டிலட்சுமியைக் கூட்டிக்கொண்டு விருதுநகர் போய் ஒரு சேலை எடுத்துவந்துவிட்டாள். படம் வர இன்னும் அஞ்சு மாசம் இருந்தது.

சேலையைப் பார்த்ததும் சங்கிலிமுத்துவுக்குப் பயம் பிடித்துக்கொண்டது. நேரே என் வீட்டுக்கு வந்தார்.

"அண்ணாச்சி, நாக்கு சரியில்லன்னு இந்தத் தடவையும் ஆள மாத்திட்டாகன்னா அவ மொகத்துல நான் எப்பிடி முளிப்பேன்? இந்த ளானாவ மட்டும் எனக்குச் சரி பண்ணிக் குடுங்க. உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

எனக்கு உள்ளுக்குள் எப்படிக் குளிர்ந்தது தெரியுமா! இருபத்தாறு வருஷமாகத் தாளில் திருத்திக்கொண்டிருந்தவனிடம் ஒரு நாக்கே வந்து மாட்டுகிறது. தீபாவளி முடிந்து கம்பெனிகள் பூட்டிக்கிடக்கிற மாசம், வேனுக்கும் ஓட்டம் இல்லை. அச்சகத்தில் மட்டும் காலண்டர் சீசன். வேலையிலிருந்து வந்ததும் வராததுமாக அவரை உட்காரவைப்பேன். நாக்கை மடக்கு, மேலே கொண்டுபோ, அண்ணத்தைத் தொட்டும் தொடாமல் வருடு. மழை, வாழை, கிழவன், பழம், புழுதி. ஆறு வாரம். மனுஷன் சளைக்கவே இல்லை. வேனைக் கழுவிக்கொண்டே 'பழம், பழம்' என்பார், தெருவில் போகிறவர்கள் எங்கே பழம் என்று திரும்பிப் பார்ப்பார்கள். ஒரு நாள் 'வாழைப்பழம்' என்று சுத்தமாகச் சொன்னார் பாருங்கள், எனக்குக் கண் கலங்கிவிட்டது. நான் கெட்ட கேட்டுக்கு ஆனந்தக் கண்ணீர் வேறு.

ழகரம் வந்தது. வந்தது மட்டுமல்ல, ளகரத்தை வீட்டைவிட்டே விரட்டிவிட்டது. வாளியை வாழி என்றார். மிளகாயை மிழகாய் என்றார். உள்ளே என்பது உழ்ழே ஆயிற்று. "மதினி, அண்ணன் தண்ணிக்கு வாழி கேக்காரு. வாளைய வெட்டவா, வாளிய எடுக்கவா?" என்று பாண்டிலட்சுமி கேலி பண்ணினாள். நான் கண்டுகொள்ளவில்லை, போகப்போகச் சரியாகிவிடும் என்று இருந்தேன். ஒரு நாள் முருகம்மாளே வாசலில் வைத்துக் கேட்டாள்:

"அண்ணாச்சி, இவரு வீட்டுக்குள்ள பேசுனா யாரோ வெளியாளு பேசுத மாதிரி இருக்கு. எனக்கு என்னமோ போல இருக்கு. இது இப்பிடித்தான் இருக்கணுமா?"

"சும்மா இரு தங்கச்சி, இதுதான் சரியான தமிழ்" என்று சொன்னேன். இந்த வாயை என்ன செய்தால் தகும்?

தை மாசம் விருதுநகரில் ரயில் ஏறினோம். தனியாகப் போகப் பயமாக இருக்கிறது என்று என்னையும் கூட்டிப்போனார். டப்பிங் தியேட்டர் என்பது ஒரு குளிர்ந்த அறை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இவர் மைக் முன்னால், காதில் ஹெட்போன். இந்தப் பக்கம் செழியன், சவுண்டு இன்ஜினியர், ஓரத்தில் நான். திரையில் மழை பெய்கிறது, குடோன் வாசலில் இவர் நிற்கிறார், வாய் அசைகிறது.

"ஏலே, மிழகா மூட்ட நனையுதுலே!" என்றார் சங்கிலிமுத்து.

செழியன் தலையைத் தூக்கினார். இன்னொரு தடவை என்றார். மறுபடியும் மிழகா. அடுத்த வசனத்துக்குப் போனார்கள். "உழ்ழ வாலே" என்றார். இன்ஜினியர் வாயைப் பொத்திக்கொண்டார்.

"அண்ணே, ஷூட்டிங்ல எப்படிப் பேசுனீங்களோ அப்படியே பேசுங்க, போதும்" என்றார் செழியன்.

ஒவ்வொரு வசனத்துக்கும் முன்னால் சங்கிலிமுத்து கண்ணாடி வழியாக என் முகத்தைப் பார்த்தார். நானும் சும்மா இருக்காமல் வாயைத் திறந்து நாக்கை மடக்கிக் காட்டினேன். பழக்கதோஷம். செழியன் அதைப் பார்த்துவிட்டார்.

"சார், நீங்க யாரு?"

"பிழை திருத்துறவன்."

"இவர்கிட்ட எதைத் திருத்துனீங்க?"

நான் பதில் சொல்வதற்குள் மைக்கிலிருந்து சங்கிலிமுத்துவின் குரல் பெருமையாக வந்தது: "அண்ணாச்சிதான் தம்பி சொல்லிக்குடுத்தாக. ஆறு வாரமா. ஒத்த ழானா தப்பாது இப்ப."

செழியன் இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டார். சத்தம் போட்டிருந்தால்கூடத் தேவலை. "இந்தக் குரலுக்காகத்தான் சார் இவரை எடுத்தேன்" என்று மெதுவாகச் சொன்னார். மத்தியானம் வரைக்கும் முயன்று பார்த்தார்கள். மனுஷன் ளகரத்தைத் தேடித் தேடித் தடுமாறினார். எங்கே ழ, எங்கே ள என்று அவருக்கே தெரியவில்லை, ஒவ்வொரு சொல்லுக்கும் நின்று யோசித்தார். அன்று ஒரு நாள்தான் அந்த அறை அவர்களுக்கு. கடைசியில் செழியன் என்னை வெளியே உட்காரச் சொன்னார். உதவியாளரிடம், "ராமகிருஷ்ணன் சாரை வரச் சொல்லுங்க" என்றார். யார் அது என்று நான் உதவியாளரைக் கேட்டேன். டப்பிங் பேசுகிறவர் என்றார்.

அரை மணி நேரத்தில் வந்துவிட்டார். அறுபது தாண்டியவர், கழுத்தில் மப்ளர், கையில் வெந்நீர் பிளாஸ்க். என் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தார்.

"சங்கிலிமுத்துவோட வந்தீங்களா? பதினாலு படத்துல அவருக்கு நான்தான் பேசியிருக்கேன். ஒரு தடவைகூட நேர்ல பார்த்ததில்லை" என்றார். "ரொம்ப நல்லா சாவார். அவசரமே படமாட்டார். பேசுறவனுக்கு அது பெரிய உதவி."

எனக்கு அந்த மனுஷன் மேல் எவ்வளவு ஆத்திரம் வந்திருக்க வேண்டும்! வரவில்லை. ஆத்திரமெல்லாம் என் மேலேயே இருந்தது. அவரிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். முருகம்மாளின் கண், அவள் படம் பார்க்கப் போவதை நிறுத்தியது, சேலை, ஆறு வார ழகரம், எல்லாம். சொல்லி முடித்தபோது மூக்கு ஒழுகியது. அவர் பிளாஸ்க் மூடியில் வெந்நீர் ஊற்றிக் கொடுத்தார்.

"அப்போ அந்தம்மாவுக்கு என் குரல் தெரியும்" என்றார்.

"தெரியும். பிடிக்கவே பிடிக்காது."

அவர் சிரித்துவிட்டார். கொஞ்ச நேரம் மப்ளரை அவிழ்த்து மறுபடி கட்டினார். உள்ளேயிருந்து கூப்பிட்டதும் எழுந்து போனார்.

இரண்டரை மணி நேரம் அந்த வராந்தாவில் உட்கார்ந்திருந்தேன். சுவரில் ஒட்டியிருந்த அறிவிப்பில் மூன்று எழுத்துப்பிழை இருந்தது, ஒன்றைக்கூடத் திருத்தத் தோன்றவில்லை. கதவு திறந்தபோது இரண்டு பேரும் ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டுக்கொண்டு வந்தார்கள். ராமகிருஷ்ணன் போய்விட்டார். செழியன் "பார்க்கலாம் அண்ணே" என்று மட்டும் சொன்னார்.

என்ன நடந்தது என்று ரயிலில் வைத்துத்தான் கேட்டேன்.

"அந்த ஐயா வந்ததும் எங்கிட்டப் பாடம் கேட்டாரு அண்ணாச்சி. உங்க ஊரு பேச்சு எனக்குச் சரியா வரல, நீங்க ஒவ்வொண்ணாச் சொல்லுங்க, நான் புடிச்சிக்கிடுதேன்னாரு. மழைன்னாரு. அப்பிடி இல்லய்யா, மளைன்னு சொல்லுங்கன்னேன். இழுத்து மூடுன்னாரு. அட, இளுத்து மூடுன்னு சொல்லுங்கய்யான்னேன். எட்டு வசனத்தையும் படத்தப் பாத்துக்கிட்டே அவருக்கு அஞ்சாறு தடவ சொல்லிக்காட்டுனேன். பெறகு அவரும் பேசுனாரு." ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். "நல்லாத்தான் பேசுனாரு. இனிமே அவரே நம்ம ஊரு ஆளு மாதிரி பேசிருவாரு. என் குரலு எதுக்கு?"

போச்சு, அவ்வளவுதான் என்று நானும் முடிவுகட்டிவிட்டேன். இருந்த ஒரே விஷயத்தையும் இந்த மனுஷன் தன் கையாலேயே தூக்கிக் கொடுத்துவிட்டார், அந்த நிலைக்கு அவரைத் தள்ளியவன் நான். ஊருக்கு வந்த நாலே நாளில் அவர் பேச்சு பழையபடி ஆகிவிட்டது. வாளி வாளியாயிற்று, மழையும் மளையாயிற்று. முருகம்மாள் முகம் தெளிந்தது. ஆனால் படத்தைப் பற்றி அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. என்னைக் கண்டால் மட்டும், "மொத நாளே போயிருவோம் அண்ணாச்சி" என்பாள். நான் தெருவை மாற்றிக்கொண்டு நடக்க ஆரம்பித்தேன்.

பங்குனியில் ஒரு வெள்ளிக்கிழமை படம் வந்தது. சங்கிலிமுத்துவே வேனை எடுத்தார். விருதுநகர் தியேட்டரில் காலைக் காட்சி. முருகம்மாள் புதுச் சேலையில் இருந்தாள். ஒரு பக்கம் பாண்டிலட்சுமி, மறுபக்கம் சங்கிலிமுத்து, அவருக்கு அடுத்து நான். கூட்டம் முக்கால்வாசி இருந்தது, பலசரக்குக் கடைப் பையன்களும் குடோனில் மூட்டை தூக்குகிறவர்களுமாக. இடைவேளை வரைக்கும் இவர் இரண்டு காட்சியில் வந்தார், இரண்டிலும் பேச்சு இல்லை. பாண்டிலட்சுமி சொல்லிக்கொண்டே வந்தாள். "மூட்ட மேல உக்காந்திருக்காரு மதினி. பீடி குடிக்காரு." "பீடியா?" என்று முருகம்மாள் பக்கத்தில் திரும்பினாள். "நடிப்புக்கு புள்ள, நடிப்புக்கு" என்றார் இவர்.

இடைவேளையில் யாரும் எழுந்திருக்கவில்லை. "வீட்டுக்குப் போயிருவமா அண்ணாச்சி?" என்று என் காதில் கேட்டார். எனக்கும் போய்விடலாம் என்றுதான் இருந்தது. ஆனால் முருகம்மாள் நிமிர்ந்து உட்கார்ந்து, சேலைத் தலைப்பை இழுத்துவிட்டுக்கொண்டு திரையின் பக்கம் முகத்தை வைத்திருந்தாள். அவளை எழுப்ப யாருக்குத் தைரியம்?

மழைக் காட்சி வந்தது. குடோன் வாசல். இவர் ஓடிவருகிறார். வாய் திறக்கிறது. நான் கண்ணை இறுக மூடிக்கொண்டேன்.

"ஏலே, மொளகா மூட்ட நனையுதுலே! சாக்க இளுத்து மூடு!"

அதே கரகரப்பு. அதே மொளகா, அதே இளுத்து. நாலாவது வீட்டிலிருந்து தினமும் நான் கேட்கிற சத்தம் தியேட்டர் முழுக்கக் கேட்டது. அன்றைக்கு அவர் பாடம் நடத்திக்கொண்டிருந்தபோது மைக்கை யாரும் அணைத்திருக்கவில்லை. ராமகிருஷ்ணன் என்கிற அந்தப் புண்ணியவான் தெரிந்தேதான் பாடம் கேட்டிருக்கிறார். உடம்பிலிருந்து இரண்டு மாசத்துப் பாரம் ஒரேயடியாக இறங்கியது. நான் சாமி கும்பிடுகிற ஆள் இல்லை, ஆனாலும் கை தானாகக் கூப்பிக்கொண்டது. முன்வரிசையில் ஒரு மூட்டை தூக்குகிறவர் "அடேயப்பா, நம்மாளுலே!" என்று கத்தினார்.

பாண்டிலட்சுமி காதில் சொல்ல வாயைத் திறந்தாள். முருகம்மாள் தடவி அந்த வாயைக் கையால் பொத்தினாள்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு வசனத்துக்கும் அவள் முகத்தைத்தான் நான் பார்த்துக்கொண்டிருந்தேன், திரையை அல்ல. அவர் யாரையோ அதட்டினால் சிரித்தாள். கதையில் வருகிற மகளைப் பற்றிப் புலம்பினால் ம்ம் கொட்டினாள். சங்கிலிமுத்து அசையாமல் உட்கார்ந்திருந்தார், கண்ணீர் மட்டும் மீசையில் இறங்கிக்கொண்டிருந்தது.

கடைசிக் காட்சி. குடோனுக்குள் கயிற்றுக் கட்டில். காவல்காரருக்குக் காய்ச்சல் முற்றிவிட்டது. "வெளக்க அமத்திராத... புள்ள வந்துருவா..." என்றது அந்தக் குரல். மூச்சு இழுத்தது. ஒன்று. இன்னொன்று. நின்றது.

எங்களுக்கு இது முப்பத்துநாலாவது தடவை. பாண்டிலட்சுமி சேலையில் ஒட்டியிருந்த பொரியைத் தட்டிக்கொண்டிருந்தாள். முருகம்மாள் முகம் வெளுத்துவிட்டது. அவளுக்கு இது முதல் தடவை.

"இங்கேருங்க..." என்றாள். கை பக்கத்து இருக்கையில் துழாவியது. "இங்கேருங்க! இங்கேருங்க!" தியேட்டரே திரும்பிப் பார்த்தது. சட்டை கைக்குக் கிடைத்ததும் கொத்தாகப் பிடித்துக்கொண்டாள்.

"இங்கனதான் இருக்கேன் புள்ள. செத்தது அங்கன. நான் இங்கனதான் இருக்கேன்" என்றார் சங்கிலிமுத்து, பதறிப்போய்.

அவள் அவர் முகத்தைத் தடவினாள். நெற்றி, கண், மீசை. மூக்கின் கீழே விரலை வைத்து மூச்சு வருகிறதா என்று பார்த்தாள். வந்தது. அதற்குப் பிறகுதான் அழுதாள். அழுதுகொண்டே அவர் தோளில் ஓங்கி ஓர் அடி போட்டாள், இன்னொன்றும் போட்டாள். முன்வரிசை ஆட்கள் எழுந்து பார்த்துவிட்டு, திரையில் செத்தவர் இங்கே அடிவாங்குகிறாரே என்று சிரித்தார்கள். நானும் சிரித்தேன், அழுதேன், இரண்டும் ஒன்றாக. இதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை.

வெளியே வந்ததும் ஆட்கள் சூழ்ந்துகொண்டார்கள். போட்டோ எடுத்தார்கள். "அண்ணே, எங்க ஊர்ப்பேச்ச அப்பிடியே பேசிட்டீகளே" என்று கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். இவர் என்னைக் காட்டி, "எல்லாம் அண்ணாச்சி சொல்லிக்குடுத்ததுதான்" என்றார். கேலியா நிஜமா என்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. முருகம்மாள் அவர் முழங்கையை விடவே இல்லை, ஒரு வார்த்தை பேசவும் இல்லை. கோபமா என்று அவர் இரண்டு தடவை கேட்டுப் பார்த்தார். வேனில் ஏறி உட்கார்ந்து, கதவைச் சாத்திய பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"நல்லாப் பேசுனீக. உசுரோட இருக்குற வரைக்கும் எல்லாப் படத்துலயும் நீங்களே பேசுங்க. சாகுறதுக்கு மட்டும் அந்த மெட்ராசுக்காரரக் கூப்புட்டுக்கிடச் சொல்லுங்க."